ஏணி தூக்கிய யப்பான்காரர்

அந்த மனிசன் இரண்டாம் தரமும் செத்தபோதுதான் அவர் யார் என்ற யோசனை எனக்கு வந்தது.

முதல் தரம் செத்தது அதற்கு முந்தின சனிக்கிழமை. அப்போது அவர் ஒரு பத்திரிகை நிருபர். கடலுக்குள்ளிருந்து எழும்பி வந்த, பல்லியும் ஆமையும் கலந்த ஒரு பெரிய சீவன் பாலத்தை மிதிக்க, பாலத்தோடு போனார். இந்தச் சனிக்கிழமை அவர் கரையோரக் காவல்காரன். இது வேறொரு சீவன், பறக்கிற சாதி. வெளிச்சவீட்டைச் செட்டையால் அடிக்க, வெளிச்சவீட்டோடு போனார். போகமுதல் ஒருதரம் திரும்பிப் பார்த்தார். உடம்பைத் திருப்பவில்லை. யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி, கழுத்தை மட்டும் இடப்பக்கம் சரித்துப் பார்த்தார். பிறகு இடது காலைக் கொஞ்சம் பிந்தவிட்டு ஓடினார்.

"இவர் போன கிழமையும் செத்தவர்," என்றேன்.

ஹோலில் இருந்த ஒருவரும் என் பக்கம் திரும்பவில்லை. கிரின்ஸ்டெட் அண்ணை மட்டும் வாயில் கச்சான் கடலையோடு, "யப்பான்காரர் எல்லாம் ஒரே மாதிரித்தானே தங்கச்சி," என்றார்.

"உங்களை றோட்டில மறிச்சு என்ர அண்ணான்ர பெயரைச் சொல்லிக் கூப்பிட்ட டெனிஷ் மனிசியும் உப்பிடித்தான் நினைச்சிருப்பா," என்றேன். அந்தக் கதையைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தவர் அவர்தான். இப்போது சிரிக்கவில்லை. ரிமோட்டை அமத்தி, சீவன் திரும்ப வருகிற இடம் வரைக்கும் படத்தை வேகமாக ஓடவிட்டார்.

இந்த ஓடவிடுகிற வேலையால் எனக்கு வந்த எரிச்சலை எழுதத் தொடங்கினால் வேறொன்றும் எழுத இடம் மிஞ்சாது. ஆனாலும் கொஞ்சம் சொல்லத்தான் வேண்டும்.

நாங்கள் இருப்பது டெனிஷ் நகரமான கோல்டிங்கில், மூன்றாம் மாடியில். அண்ணா, அண்ணாவின் மனைவி, நான். அவவை நானும் என்னை அவவும் மச்சாள் என்றுதான் கூப்பிடுவோம். எங்கள் ஆட்களுக்குள் முதலில் வீடியோ டெக் வாங்கியவர் அண்ணா. அதனால் சனிக்கிழமை பின்னேரங்களில் எங்கள் ஹோல் தியேட்டர், மச்சாளும் நானும் தேத்தண்ணிக் கடை. தனியாக இருக்கிற பெடியள் எல்லாரும் வருவார்கள். முதல் ஆளாக வந்து கடைசி ஆளாகப் போகிறவர் கிரின்ஸ்டெட் அண்ணை. கிரின்ஸ்டெட் என்ற சின்ன ஊரில் ஃபக்டரி வேலை செய்கிற எங்கள் ஆள் அவர் ஒருவர்தான் என்பதால் ஊரே அவருக்குப் பெயராகிவிட்டது. அங்கிருந்து பஸ்ஸை நம்பினால் படம் முடிந்த பிறகுதான் வந்து சேரலாம். அதற்காக ஒரு பழைய கார் வைத்திருக்கிறார். அதன் ஒரு கதவு உள்ளே இருந்து மட்டும்தான் திறக்கும்.

தமிழ்ப் படக் கசெற்றுகள் லண்டனிலோ பாரிசிலோ இருந்து கைமாறிக் கைமாறி வரும். பிரதிக்குப் பிரதி எடுத்து, கதாநாயகி எந்த நிறச் சேலை கட்டியிருக்கிறா என்று தெரியாத நிலைமையில் வந்து சேரும். அதுவும் பிந்தினால் சந்திக் கடையில் வாடகைக்கு எடுப்போம். அந்தக் கடைக்காரரிடம் ஒரு முழுத் தட்டு நிறைய யப்பானியச் சீவன்கள் இருந்தன. எங்கள் பெடியளுக்கு அது பிடித்துப்போனது. வாய் யப்பானில் அசையும், சத்தம் இங்கிலிஷில் கேட்கும், கீழே டெனிஷ் எழுத்து ஓடும். மூன்றையும் யாரும் கவனிக்கத் தேவையில்லை. மிதிக்கிறதுக்கு மொழி எதற்கு?

எங்கள் வீட்டுச் சட்டம், சீவன் இல்லாத இடமெல்லாம் ஓடவிட வேண்டும் என்பது. ரிமோட்டுக்கு நீள வயர் ஒன்று உண்டு. அது எப்போதும் கிரின்ஸ்டெட் அண்ணையின் மடியில் சுருண்டு கிடக்கும். என்ர மனிசன், அந்த இரண்டு தரம் செத்தவர், வருவது கதைக்கிற இடங்களில் மட்டும். ஆகவே அவர் வரும்போதெல்லாம் திரையில் கோடு விழும், அவர் குறுக்கும் நெடுக்கும் எறும்பு மாதிரி ஓடித் திரிவார், சாகிற நேரத்தில் மட்டும் சாதாரண வேகத்துக்கு வருவார். ஒரு மனிசனின் முழு உழைப்பும் இப்படிப் போனால் என்ன நியாயம்?

ஞாயிறு காலைகளில், கசெற்றைத் திருப்பிக் கொடுக்கமுதல், நான் தனியாக இருந்து அந்த இடங்களைப் பார்க்கத் தொடங்கினேன். மச்சாள் வந்து எனக்கும் ரீவிக்கும் நடுவில் தூசு உறிஞ்சுவா. "காலைத் தூக்கும் மச்சாள்" என்பா. காலைத் தூக்கிக்கொண்டு பார்ப்பேன். அப்படிப் பார்த்ததில் அந்த ஒரு தட்டிலேயே பல படங்களில் அவர் இருந்தார். விஞ்ஞானிக்குப் பக்கத்தில் பைல் பிடிக்கிறவர். அமைச்சருக்குக் கார்க் கதவு திறந்துவிடுகிறவர். தப்பி ஓடுகிற கூட்டத்தில் நின்று, மற்றவர்களைப் போகவிட்டுத் தான் பிந்துகிறவர். கசெற் உறையில் சீவனின் பெயர் கொட்டை எழுத்தில் இருக்கும். இவருடைய பெயர் பின்பக்கத்தில்கூட இல்லை. படம் முடிந்து எழுத்து ஓடத் தொடங்கினால் அரைவாசியில் வெட்டிவிட்டிருப்பார்கள்.

ஒரு படத்தில் அவருடைய முகமே வரவில்லை. ஆனால் அந்தச் சீவன், அடுக்குமாடிக் கட்டடத்துக்கு முன்னால் வந்து நின்று, கழுத்தை இடப்பக்கம் சரித்து, யாரோ கூப்பிட்ட மாதிரிப் பார்த்தது. பிறகு இடது காலைப் பிந்தவிட்டு நடந்தது. நான் கதிரையை விட்டு எழும்பிவிட்டேன்.

அடுத்த சனிக்கிழமை எல்லாருக்கும் சொன்னேன். அந்தச் சீவனின் றப்பர்ச் சட்டைக்குள்ளே இருக்கிறது அவர்தான் என்று.

"கேட்டியளோ, றப்பருக்குள்ள இருக்கிறவரைத் தங்கச்சி பிடிச்சிட்டா," என்றார் கிரின்ஸ்டெட் அண்ணை. "முகம் தெரியாமல் எப்பிடியம்மா?"

"முகம் என்னத்துக்கு அண்ணை? நடை காணும்."

"ஓமோம். இனி பொலிசுக்கு ஆள் காட்டப் போகலாம்."

ஹோல் முழுக்கச் சிரித்தது. அண்ணாவும் சிரித்தார். மச்சாள் தேத்தண்ணித் தட்டோடு நின்று சிரித்தா. நான் குசினிக்குள் போய்ச் சீனிப் போத்தலை வேண்டுமென்றே ஒளித்து வைத்தேன்.

இப்போது பார்த்தால் ஒரு யப்பானிய நடிகருக்காக இவ்வளவு கோபப்பட்டது ஏன் என்று கேட்கலாம். நான் யாழ்ப்பாணத்தில் கம்பஸில் ஒரு வருசம் இருந்தவள். கேள்வி கேட்டே பழகின வாய். இங்கே மொழிப் பள்ளிக்கூடத்தில் ஒவ்வொரு காலையும் "இது ஒரு கதிரை" என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். எங்கள் ரீச்சரிடம் ஒரு பெரிய வீடியோ மெஷின் இருக்கிறது. டெனிஷ்காரர் கதைக்கிற ஒரு காட்சியைப் போட்டு, நடுவில் நிப்பாட்டுவா. எங்கள் வீட்டு டெக்கில் நிப்பாட்டினால் படம் நடுங்கும், நடுவால் வெள்ளைக் கோடு ஓடும். அந்த மெஷினில் படம் போட்டோ மாதிரி அசையாமல் நிற்கும், திறந்த வாய் திறந்தபடி. "இப்ப இவர் என்ன சொல்லப்போறார்?" என்று ரீச்சர் கேட்பா. எனக்கு அந்த வாயைவிட, அதற்குப் பின்னால் கோப்பை கழுவிக்கொண்டு நிற்கிற மனிசியில்தான் கண். அவ யார், நடிகையா, சும்மா கூட்டிக்கொண்டு வந்து நிப்பாட்டினார்களா, வீட்டில் போய் என்ன சொல்லியிருப்பா? இப்படி ஒரு மூளைக்கு "இது ஒரு கதிரை" காணாது. அதற்கு ஒரு வேலை தேவைப்பட்டது. அந்த வேலையாக இந்த மனிசன் வந்து சேர்ந்தார்.

நூலகத்துக்குப் போனேன். அங்கே வேலை செய்கிற ஓர் உயரமான மனிசி, கண்ணாடியை நூலில் கட்டிக் கழுத்தில் போட்டிருப்பவ, என் டெனிஷைப் பொறுமையாகக் கேட்டா. "பெயர் என்ன?" என்றா. தெரியாது என்றேன். "எந்தப் படம்?" சீவன் பாலத்தை மிதிக்கிற படம் என்றேன். அப்படி நிறைய இருக்கிறதாம். நான் எழும்பி, கழுத்தைச் சரித்து, இடது காலைப் பிந்தவிட்டு, புத்தகத் தட்டுகளுக்கு நடுவே நடந்து காட்டினேன். வாசித்துக்கொண்டிருந்த கிழவர் ஒருவர் பேப்பரை இறக்கிப் பார்த்தார். அந்த மனிசி சிரிக்கவில்லை. கசெற் உறையைக் கேட்டா. அதைக் கொண்டுபோய்க் கொடுக்க, வேறு நகரத்தில் இருந்து ஒரு தடித்த இங்கிலிஷ் புத்தகம் எடுப்பித்தா. பல கிழமை கழித்து அது வந்தது. அதில் ஒவ்வொரு படத்துக்கும் வேடமும் நடிகர் பெயரும் இருந்தன; நிருபருக்கும் காவல்காரனுக்கும் ஒரே பெயர், அந்தப் பெயருக்கு ஒரு சின்னப் பந்தி. நாடகத்தில் தொடங்கினவர். பெரிய ஸ்ரூடியோ ஒன்றில் மாதச் சம்பளத்துக்கு இருந்து, கொடுத்த வேடமெல்லாம் செய்தவர். ஸ்ரூடியோ ஆட்களைக் குறைத்தபோது வெளியே வந்து, இளம் பெடியள் தங்கள் கைக்காசில் எடுத்த சின்னப் படங்களில் நடித்தவர். அவ்வளவுதான். போட்டோ இல்லை. சட்டைக்குள் இருந்தாரா இல்லையா என்று ஒரு சொல் இல்லை.

"இந்தச் சின்னப் படங்களில் ஒன்று ரீவியில் வருகிறது," என்று அந்த மனிசி பத்திரிகையின் நிகழ்ச்சிப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினா. வியாழக்கிழமை. அவவுக்கு என்னைவிடச் சந்தோசம்.

வியாழக்கிழமை ஒரு புதுக் கசெற்றைப் போட்டுப் பதிவு செய்தேன். கறுப்பு வெள்ளைப் படம். சகோதரர் இரண்டு பேர், காணிப் பிரிப்பில் கதைபேச்சு இல்லாமல் போனவர்கள். இது யப்பானியக் கதை என்று யார் சொன்னது, எங்கள் வேலி எல்லைக்குள் நடந்த கதைதான். தம்பியின் வீட்டில் தமையனுடைய ஏணி ஒன்று கிடக்கிறது. சண்டைக்கு முதல் இரவல் வாங்கினது. தமையனுக்குச் சுகமில்லை என்று கேள்விப்பட்டதும் தம்பி அந்த ஏணியைத் தோளில் வைத்துக்கொண்டு ஊரின் இந்தத் தொங்கலில் இருந்து அந்தத் தொங்கலுக்கு நடக்கிறார். ஒரு சொல் இல்லை, சங்கீதம் இல்லை. கமரா பின்னாலே போகிறது. ஏணி வேலியில் தட்டுப்படும், சரிசெய்வார். நாய் வரும், நின்று போகவிடுவார். தமையன் வீட்டுப் படலைக்கு முன்னால் வந்து கழுத்தை இடப்பக்கம் சரித்துப் பார்ப்பார். படலை பூட்டிக் கிடக்கும். ஏணியை மதிலில் சாத்திவிட்டுத் திரும்பி நடப்பார். இடது கால் பிந்தும்.

"ஏணி கொண்டுபோறதுக்கு ஒரு படமோ மச்சாள்?" என்றா மச்சாள்.

"அந்தாளிட்டத் தள்ளுவண்டில் இல்லையோ?" என்றார் அண்ணா.

சீவன் படங்களில் அவர் கழுத்தைச் சரித்துப் பார்த்தபோது அங்கே சீவன் இருந்திருக்காது. அதைப் பிறகுதான் சேர்த்திருப்பார்கள். வெறும் ஆகாயத்தைப் பார்த்துத்தான் அவர் அத்தனை வருசமும் பயந்திருக்கிறார். அந்தப் பார்வையையே கொண்டுவந்து ஒரு பூட்டின படலையில் வைத்துவிட்டார். இதை யாருக்காவது சொல்லாவிட்டால் எனக்கு விசர் பிடித்துவிடும் போல இருந்தது.

எங்கள் தமிழ்ச் சங்கம் பக்கத்து நகரமான பிரெடெரிசியாவில் ஒரு கலைமாலை வைக்க இருந்தது: பாட்டு, நடனம், நாடகப் போட்டி, சாப்பாடு. தலைவரிடம் போய், எனக்குக் கொஞ்ச நேரம் தாருங்கள், ஒரு நடிகரைப் பற்றிப் பேசி ஒரு காட்சி போட்டுக் காட்டப்போகிறேன் என்றேன்.

"ஆர் நடிகர்?" என்று முகம் மலர்ந்து கேட்டார்.

சொன்னேன்.

"யப்பான்காரனுக்கும் எங்களுக்கும் என்ன பிள்ளை சம்பந்தம்?"

"நாடகப் போட்டிக்கும் எங்களுக்கும் என்ன சம்பந்தமோ, அதுதான்."

"நீ ஒரு பாட்டுப் பாடன். நல்ல குரல் எண்டு கேள்வி."

எனக்குக் குரலே இல்லை. அதை அவரிடம் யார் சொன்னது என்று இன்றுவரை தெரியாது. மூன்று தரம் அலைந்தேன். கடைசியில், பிள்ளைகளின் நடனத்துக்கும் சாப்பாட்டுக்கும் நடுவில், மேடையில் ஆட்கள் உடுப்பு மாற்றுகிற நேரத்தை எனக்குத் தந்தார். போதும். இந்த நாட்டுக்கு வந்த பிறகு நானாக நினைத்து, நானாகச் செய்யப்போகிற முதல் வேலை. அந்த ஏணிக் காட்சி ஒன்று காணும், பாதிக் கதையை அது சொல்லிவிடும்.

அந்தக் கசெற்றின் பின்பக்கத்தில் இருக்கிற பிளாஸ்ரிக் துண்டை உடனேயே உடைத்தேன். அது உடைந்தால் அதன்மேல் வேறொன்றும் பதிய ஏலாது. ஆனால் எங்கள் வீட்டில் ஒரு பழக்கம். எங்கள் வீட்டில் மட்டும் என்று சொல்லக்கூடாது, டெக் வைத்திருக்கிற எங்கள் ஆட்கள் எல்லார் வீட்டிலும் இதுதான். ஏழரைச் செய்தி தொடங்கும்போது டெக்குக்குள் ஏதோ ஒரு கசெற் இருக்க வேண்டும், ஒருவர் டெக்குக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். இலங்கை என்ற சொல் வந்தால் உடனே பதிகிற பொத்தானை அமத்த வேண்டும். எப்போது வரும் என்று தெரியாது, வந்தால் இருமி முடிக்கிற நேரம்தான் நிற்கும், கசெற் தேட நேரம் இல்லை. அதற்காகவே அண்ணா, துண்டு உடைந்த கசெற்றுகள் எல்லாவற்றுக்கும் ஓட்டையின் மேல் சலோரேப் ஒட்டி வைத்திருப்பார். ஒட்டினால் அது திரும்பவும் பதியும். என்னுடையதற்கும் ஒட்டியிருந்தார். எனக்குச் சொல்லவில்லை. சொல்ல என்ன இருக்கிறது, அவருக்கு அது பல் தீட்டுகிற மாதிரி.

கலைமாலைக்கு மூன்று கிழமை முந்தின சனிக்கிழமை பின்னேரம் ஏணிக் காட்சியைப் போட்டு, எந்த இடத்தில் என்ன சொல்வது என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் ஊரின் நடுவே, ஏணி தோளில். "மச்சாள், வடை கருகுது, கெதியா வாரும்" என்று குசினியில் இருந்து சத்தம். நிப்பாட்டிவிட்டுப் போனேன். பெடியள் வந்து இருந்தார்கள். செய்தி தொடங்கியது. நான் வடையைப் புரட்டிக்கொண்டு நிற்கிறேன், உள்ளே ஒரு கூச்சல்: "அமத்து, அமத்து."

கரண்டியோடு வந்து பார்த்தேன். திரையில் எங்கட பக்கத்து ஒரு சந்தி. பூட்டின கடைகள். ஆமி ட்ரக் ஒன்று போகிறது. அது போன பிறகு ஒரு மனிசன் எங்களுக்கு முதுகைக் காட்டியபடி றோட்டைக் கடக்கிறார், கக்கத்தில் குடை. அவ்வளவுதான். அடுத்தது ஏதோ துறைமுக வேலைநிறுத்தம். டெக்கின் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பொத்தானின்மேல் கிரின்ஸ்டெட் அண்ணையின் விரல்.

"அண்ணை, அதுக்குள்ள என்ர ஏணி இருந்தது," என்றேன்.

அவர் என்னைப் பார்க்கவில்லை. பின்னால் ஓட்டி, திரும்பப் போட்டார். யப்பான்காரர் ஏணியோடு நடந்து வருகிறார், நாய்க்காக நிற்கிறார். படம் ஒரு குலுங்கு குலுங்கி, சந்தி, ட்ரக், குடை மனிசன். திரும்ப ஒரு குலுக்கல். மதிலில் சாத்தின ஏணி மட்டும் நிற்கிறது. ஆள் போய்விட்டார். படலைக்கு முன்னால் அவர் கழுத்தைச் சரித்த இடம் இல்லை. நான் பேசப்போகிற எல்லாம் அந்த இடத்தில்தான் இருந்தது.

"அது எங்கட ஐயா," என்றார் கிரின்ஸ்டெட் அண்ணை.

குடை மனிசனைத்தான் சொன்னார், தன் தகப்பனாம். அவர் திரும்பப் போட்டார், திரும்பவும் போட்டார். ஒவ்வொரு தரமும் என்ர மனிசன் ஏணியோடு வந்து, நாய்க்கு வழிவிட்டு, காணாமல் போனார். வடை கருகிவிட்டது. போகும்போது அண்ணை கசெற்றைக் கழற்றி, ஜாக்கெற்றுக்குள் வைத்துக்கொண்டு போனார். யாரிடமும் கேட்கவில்லை. யார் வேண்டாம் என்று சொல்லுவது?

நான் சொல்லியிருப்பேன். அண்ணா என் கையைப் பிடித்துவிட்டார். "அவருக்குக் கனகாலமாய் வீட்டில இருந்து கடிதம் இல்லை. விடு," என்றார். விட்டேன். அதற்காகக் கோபம் போய்விட்டது என்று யாரும் நினைக்கக்கூடாது. அந்தக் கிழமை முழுக்க அண்ணாவோடு கதைக்கவில்லை. வீட்டில் இருந்த சலோரேப் சுருளைக் குப்பையில் போட்டேன். மச்சாள் அதை எடுத்துத் துடைத்துத் திரும்ப மேசை லாச்சிக்குள் வைத்தா.

நூலகத்து மனிசியிடம் போய்க் கேட்டேன். அந்தப் படம் இனி எப்போது வரும் என்று சொல்ல ஏலாதாம். கடையில் கசெற்றாக இல்லையாம். அவவே ரீவியில் பார்த்துக்கொண்டிருந்ததால் பதிவு செய்யவில்லையாம். "பாதிக் காட்சியைப் போடுங்கள், மீதியை நீங்கள் நடந்து காட்டுங்கள், எனக்குக் காட்டின மாதிரி," என்றா. பகிடியாகத்தான் சொன்னா. அது எனக்குள் போய் இருந்துவிட்டது.

ஆனால் பாதிக் காட்சிக்கும் கசெற் வேண்டுமே. அடுத்த சனிக்கிழமை கிரின்ஸ்டெட் அண்ணை வெறுங்கையோடு வந்தார். அதற்கு அடுத்த சனிக்கிழமைதான், அதாவது நேற்று, கொண்டுவந்தார். மற்றவர்கள் வர நேரம் இருந்தது. தானே டெக்குக்குள் போட்டார்.

"அண்ணை, கலைமாலைக்கு எனக்கு இது வேணும். வேறை டெக்கில வைச்சு உங்கட துண்டைப் பிரதி எடுத்துத் தாறன்."

"பிரதியில ஐயா இன்னும் மங்கிப்போவார்."

"அது ஐயாதான் எண்டு எப்பிடித் தெரியும்? முதுகு மட்டும்தானே தெரியுது?"

கேட்ட பிறகுதான் கேட்டிருக்கக்கூடாது என்று தெரிந்தது. அவர் கோபிக்கவில்லை. ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்: "நீர்தானே தங்கச்சி சொன்னனீர், முகம் என்னத்துக்கு, நடை காணுமெண்டு?"

றப்பர்ச் சட்டைக்குள் இருக்கிறவரையே நடையை வைத்துச் சாதித்தவள் நான்.

"அவருக்குச் சைக்கிள் கடை," என்றார். "வாழ்நாள் முழுக்க வலக் கையால பம்ப் அடிச்சவர். வலத் தோள் இறங்கித்தான் நடப்பார். இஞ்ச பாரும்."

பார்த்தேன். ஓடவிடாமல், ஓடவிடுகிறதையே தொழிலாக வைத்திருந்த மனிசன், ஒவ்வொரு அடியையும் விட்டுவிட்டுக் காட்டினார். நிப்பாட்டினால் படம் நடுங்கியது, வெள்ளைக் கோடு சரியாக அந்தத் தோளின் மேலே வந்து நின்றது. விட்டால் ஆள் றோட்டைக் கடந்துவிடுகிறார். தோள் இறங்கித்தான் இருந்தது. குடை வைத்திருக்கிற பக்கம் தோள் இறங்கத்தானே செய்யும் என்று எனக்குள் ஒரு குரல் சொன்னது. கம்பஸ் குரல். அதை வாய்க்குள்ளேயே வைத்துக்கொண்டேன். அதே நியாயத்தைப் பார்த்தால் என்ர மனிசனும் சீவனுக்குள் இல்லை.

"ட்ரக் போனாப் பிறகும் அவர் நடக்கிறார்," என்றார். "அது எந்த நாள் எடுத்த படம் எண்டு அவங்கள் சொல்லேல்லை. எண்டாலும் நடக்கிறார்."

பிறகு அவர் தன் யோசனையைச் சொன்னார். கேட்டதும் எனக்குப் பழைய எரிச்சல் முழுக்கத் திரும்ப வந்தது. கலைமாலைக்குக் கசெற் தருவார். தானே காரில் கொண்டுவருவார், டெக்குக்குப் பக்கத்தில் தானே இருப்பார், மற்ற ஒருவரும் அதைத் தொடக்கூடாது. ஏணிக் காட்சி போகலாம். ஆனால் நடுவில் நிப்பாட்டக்கூடாது, செய்தித் துண்டும் போக வேண்டும். "பிரெடெரிசியாவில எங்கட ஊர்ப் பெடியள் இருக்கினம். கடையில சைக்கிள் விட்டவங்கள். ஐயாவை நல்லாத் தெரியும். அவங்கள் பாத்துச் சொல்லட்டும்."

"அண்ணை, அது என்ர நடிகரின்ர நேரம். உடுப்பு மாத்திற நேரம்தான் தந்தவை. அதுக்குள்ள நான் அந்த மனிசன்ர முழுச் சரித்திரமும் சொல்ல வேணும்."

"சொல்லும். ஆர் வேண்டாமெண்டது? அந்தாள் ஏணியைக் கொண்டு வரட்டும், எங்கட ஐயா றோட்டைக் கடக்கட்டும், பிறகு நீர் பேசும்."

"ஆக்கள் ஒண்டும் விளங்காமல் இருப்பினம்."

"எங்கட ஆக்களுக்கோ? சந்தியைக் கண்டால் விளங்கும்."

மச்சாள் குசினி வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தா. "ஏணி கொண்டுபோறதை ஒருத்தரும் பாக்க மாட்டினம் மச்சாள்," என்றா. "ஆனால் அதுக்குப் பிறகு சந்தி வருதெண்டால் ஏணியையும் பாப்பினம்." இரண்டு பேருக்கும் உதவுகிறதாக அவவுக்கு நினைப்பு.

நான் ஓம் என்றேன். சந்தோசமாகச் சொல்லவில்லை. ஒரு நடிகர் வாழ்நாள் முழுக்கச் சீவனுக்கு வழிவிட்டு ஒதுங்கினவர். கடைசியில் அவருக்கென்று வாங்கின ஒரு துண்டு நேரத்திலும் இன்னொரு மனிசனுக்கு வழிவிட வேண்டியிருக்கிறது. அவர் அறிந்தால் என்ன சொல்வாரோ தெரியாது. நாய்க்கு நின்று வழிவிட்ட மாதிரி விட்டிருப்பார் என்றுதான் நினைக்கிறேன். எனக்கு அந்தக் குணம் இல்லை.

ஆனால் செய்வதென்றால் ஒழுங்காகச் செய்ய வேண்டும். எங்கள் டெக்கில் படம் நிற்காது. பெரிய ஹோலில், நடுங்குகிற வெள்ளைக் கோட்டோடு ஒரு முதுகைக் காட்டி, இது ஆர் என்று கேட்டால் ஒருவரும் ஓம் என்றோ இல்லை என்றோ சொல்லமாட்டார்கள். இல்லாவிட்டால் அண்ணையின் முகத்தைப் பார்த்து எல்லாரும் ஓம் என்பார்கள், அது அதைவிட மோசம். ரீச்சரின் மெஷின் வேண்டும். கலைமாலை வருகிற சனிக்கிழமை. நாளைக்குத் திங்கள், வகுப்பு முடிந்ததும் கேட்கப்போகிறேன்.

இன்றைக்கு முழுக்க அதை டெனிஷில் சொல்லிப் பார்த்தேன். மச்சாள் ரீச்சராக இருந்தா. மெஷின் எதற்கு என்று கேட்பா. இரண்டு மனிதர் நடக்கிறதை நிப்பாட்டிப் பார்க்க வேண்டும் என்று சொல்வேன். ஆர் அந்த இரண்டு பேர் என்று கேட்பா. ஒருவர் யப்பானிய நடிகர், படலைக்கு முன்னால் அவர் செய்தது அழிந்துவிட்டது, அதை நான் மேடையில் செய்து காட்டப்போகிறேன் என்பேன். அது வரைக்கும் சரியாக வந்துவிட்டது. மற்றவர் ஆர் என்று மச்சாள் கேட்டா. நண்பர் ஒருவரின் தகப்பன் என்று தொடங்கி, தகப்பனாக இருக்கலாம் என்று மாற்றி, இரண்டையும் விட்டு, சைக்கிள் கடைக்காரர் என்றேன்.

"அப்பிடியே சொல்லும்," என்றா மச்சாள்.

மெஷின் பாரமானது, இரண்டு பேர் தூக்க வேண்டும். ரீச்சர் ஓம் என்றால் கிரின்ஸ்டெட் அண்ணை வேலை முடிந்து நேரே பள்ளிக்கூட வாசலுக்குக் கார் கொண்டுவருவார். பின் சீற்றை மடித்துவிட்டு வரச் சொல்லியிருக்கிறேன். அந்தத் திறக்காத கதவுப் பக்கமாக நிப்பாட்ட வேண்டாம் என்றும் இரண்டு தரம் சொல்லியிருக்கிறேன்.